ரிம்ஜின்காங் (இதழ்)

ரிம்ஜின்காங் என்பது வட கொரியாவின் உள்நாட்டு நிலைமையை, அந்நாட்டுக் குடிமக்களே மறைவாகத் திரட்டிய செய்திகள், ஒளிப்படங்கள், நிகழ்படங்கள் ஆகியவற்றின் வாயிலாக வெளியிடும் இதழ் ஆகும். ஆசியாபிரஸ் என்னும் ஜப்பானிய இதழாளர் அமைப்பு இதனை 2007 ஆம் ஆண்டில் தொடங்கியது. இதன் ஆசிரியர் ஜிரோ இஷிமாரு. கொரிய, ஜப்பானியப் பதிப்புகளைத் தொடர்ந்து 2010 இல் ஆங்கிலப் பதிப்பும் வெளிவந்தது.

பெயர்

இம்ஜின் ஆற்றை வட கொரியர் ரிம்ஜின் என்பர். 'காங்' என்றால் ஆறு. வட கொரியாவில் தோன்றும் இவ்வாறு, இரு நாட்டு மக்களும் கடக்க இயலாத படைவிலக்கப் பகுதியைக் கடந்து தென் கொரியாவினுள் பாய்கிறது.

பின்னணி

வட கொரிய அரசியலமைப்பு பேச்சுரிமையையும் பத்திரிகை உரிமையையும் ஏட்டளவில் வழங்குகிறது. நடைமுறையில் அனைத்து ஊடகங்களும் ஆளும் தொழிலாளர் கட்சியின் கட்டுப்பாட்டில் உள்ளன. வானொலிப் பெட்டிகள் அரசு அலைவரிசைகளை மட்டுமே பெறுமாறு அமைக்கப்படுகின்றன. அங்கு செல்லும் வெளிநாட்டுச் செய்தியாளர்கள் அரசு வழிகாட்டிகளுடனேயே நடமாட முடியும். அசோசியேட்டட் பிரஸ் 2012 இல் பியொங்யாங்கில் திறந்த செய்தியகத்திற்கும் இத்தகைய கட்டுப்பாடுகள் இருந்தன.

1990களின் பஞ்சத்தின்போது பலர் உணவு தேடி எல்லை ஆறுகளைக் கடந்து சீனாவிற்குச் சென்றனர். அவர்களைச் சந்தித்துச் செய்தி சேகரித்த இஷிமாரு, நாடு திரும்ப விரும்பிய சிலருக்கு இதழியலையும் ஒளிப்படக் கருவியைக் கையாளும் முறையையும் பயிற்றுவித்தார்.

செயற்பாடு

செய்தியாளர்கள் புனைபெயரில் எழுதுகின்றனர். பைகளில் மறைத்த கருவிகளால் சந்தைகள், தொடர்வண்டி நிலையங்கள் முதலியவற்றைப் படம்பிடித்து, பதிவுகளைச் சீன எல்லை வழியே கொண்டுவந்தனர். எல்லையோரத்தில் சீன அலைபேசிகள் மூலமாகவும் செய்தி அனுப்பப்படுகிறது. அகப்பட்டால் ஒற்றர் எனக் குற்றஞ்சாட்டப்பட்டுக் கடும் தண்டனைக்கு உள்ளாகும் ஆபத்து உண்டு. குடும்பத்தினரும் தண்டிக்கப்படலாம்.

2010 ஜூனில் தெற்கு பியொங்கான் மாகாணத்தில் எடுக்கப்பட்ட நிகழ்படம் பரவலாக அறியப்பட்டது. வீடற்ற, உடல் மெலிந்த 23 வயதுப் பெண் ஒருவர் புல் சேகரிப்பதை அது காட்டியது.

நம்பகத்தன்மையும் வரம்புகளும்

செய்தியாளரின் அடையாளத்தை வெளியிட இயலாமையால் வாசகர் தாமே செய்தியைச் சரிபார்ப்பது கடினம். எனவே ஒரே செய்தி வெவ்வேறு பகுதிகளில் உள்ளோரிடம் கேட்டு ஒப்புநோக்கப்படுகிறது. தொடர்புகள் பெரும்பாலும் வட எல்லை மாகாணங்களில் அமைந்துள்ளதால், நாட்டின் பிற பகுதிகளைப் பற்றிய செய்திகள் குறைவு. கோவிட்-19 பரவலையொட்டி 2020 ஜனவரியில் எல்லை மூடப்பட்டபின் ஆட்கள் கடந்துவருவது ஏறக்குறைய நின்றுபோனது. செய்திகளுக்கு அலைபேசித் தொடர்பையே பெரிதும் சார்ந்திருக்க வேண்டியதாயிற்று.