விண்ணப்பிக்காதவர்கள்

செண்பகம் என்றால் எங்கள் மாணவிகளுக்கு முதலில் நினைவுக்கு வருவது குற்றாலத்துச் செண்பகாதேவி அருவிதான். இட ஒதுக்கீட்டு வரலாற்றைப் பேசும்போது "செண்பகம் துரைராஜன் வழக்கு" என்றதும் கடைசி பெஞ்சில் ஒரு சிரிப்பு எழும். சென்ற ஆண்டு சிரிப்பு அடங்கியதும் ஒருத்தி கேட்டாள்: "அவங்க டாக்டர் ஆனாங்களா மேடம்?" இரண்டு முறை நீட் எழுதிவிட்டுத் தமிழ் இலக்கியத்தில் சேர்ந்தவள் அவள்.

செண்பகம் துரைராஜன் மருத்துவக் கல்லூரிக்கு விண்ணப்பிக்கவே இல்லை. விசாரித்ததில், பிராமணர் என்பதால் தனக்கு இடம் கிடைக்காது எனத் தெரியவந்தது என்று சொல்லித்தான் 1950 ஜூனில் சென்னை உயர்நீதிமன்றத்தை அணுகினார். அவர் எதிர்த்தது வகுப்புவாரி அரசாணையை. அதன்படி ஒவ்வொரு 14 இடங்களிலும் பிராமணரல்லாத இந்துக்களுக்கு 6, பிற்படுத்தப்பட்ட இந்துக்களுக்கு 2, பிராமணர்களுக்கு 2, அன்று 'அரிசனர்' எனப்பட்டோருக்கு 2, ஆங்கிலோ இந்தியருக்கும் இந்தியக் கிறித்தவருக்கும் சேர்த்து 1, முஸ்லிம்களுக்கு 1. ஜூலை 27 அன்று உயர்நீதிமன்றம் அந்த ஆணை செல்லாது என்றது. 1951 ஏப்ரல் 9 அன்று உச்சநீதிமன்றத்தின் ஏழு நீதிபதிகள் அதை உறுதிசெய்தார்கள். தமிழ்நாடு கொதித்தது. பெரியார் போராடினார். ஜூனில் அரசமைப்புச் சட்டம் முதன்முறையாகத் திருத்தப்பட்டு 15(4) பிறந்தது.

இந்தக் கதை நமக்குத் தெரியும். தீர்ப்பைப் படித்தபோது என்னை நிறுத்தியது வேறொரு செய்தி. அன்றைய சென்னை மாநிலத்தில் அரசு மருத்துவக் கல்லூரிகள் 4, இடங்கள் 330. மாநில மாணவர்களுக்கான இடங்களில், ஒவ்வொரு வட்டாரத்திலும் தனித்தனியாக, 20 விழுக்காட்டுக்குக் குறையாமல் பெண்களுக்குத் தரவேண்டும் என்று விதி இருந்தது. தகுதி அடிப்படையில் அதற்கு மேலும் பெண்கள் சேரலாம். கணக்கிட்டால் குறைந்தது 60 பெண்கள். ஒரு பெண்ணின் பெயரால் அறியப்படும் வழக்கில் இந்த 60 பேரைப் பற்றி நாம் பேசுவதே இல்லை.

பேசினால் ஒரு கேள்வி எழும்: யார் அந்தப் பெண்கள்? வகுப்புவாரிப் பங்கு விழுந்து பெண்கள் பங்கு மட்டும் நின்றிருந்தால், ஏற்கெனவே படித்த குடும்பங்களின் மகள்களே அந்த இடங்களைப் பெரிதும் நிரப்பியிருப்பார்கள். பெண்கள் பங்கு இல்லாமல் வகுப்புவாரிப் பங்கு மட்டும் இருந்திருந்தால், ஒவ்வொரு சாதியிலும் அண்ணன் தம்பிகள் நிரப்பியிருப்பார்கள். பீடி சுற்றும் வீட்டு மகளுக்கு இரண்டும் வேண்டும். பெண் என்ற ஒற்றைச் சொல்லுக்குள் அவள் தானாக அடங்கிவிடுவதில்லை.

இரண்டும் இருந்தாலும் அவள் விண்ணப்பிக்க வேண்டுமே! இன்றைய தமிழ்நாட்டு எல்லைக்குள் அன்று இருந்த இரண்டு அரசு மருத்துவக் கல்லூரிகளும் சென்னையில் இருந்தன. தென்காசியிலிருந்து ஒரு பெண்ணை அவ்வளவு தூரம் அனுப்ப எத்தனை வீடுகள் துணிந்திருக்கும்? திருநெல்வேலி மருத்துவக் கல்லூரி 1965இல்தான் வந்தது. அது வந்து முப்பது ஆண்டுகளுக்குப் பிறகும் நான் விண்ணப்பிக்கவில்லை. பன்னிரண்டாம் வகுப்பில் உயிரியலில் வகுப்பிலேயே முதல் மதிப்பெண் எனக்குத்தான். "ஆறு வருசம் யாரு காத்திருக்க?" என்றார் அப்பா. இரண்டு ஆண்டு கழித்துத் தம்பிக்கு அவரே நேரில் போய் விண்ணப்பம் வாங்கிவந்தார். தமிழ் என்னைக் கைவிடவில்லை. ஆனாலும் அந்த வாங்காத தாள் இன்னும் உறுத்துகிறது.

விண்ணப்பிக்காமல் வந்த செண்பகத்தின் வழக்கை உச்சநீதிமன்றம் கேட்டது. அதைக் குறையாகக் குறிப்பிட்டுவிட்டுத்தான் கேட்டது. விண்ணப்பிக்க முடியாமல் போனவளுக்கு எந்த நீதிமன்றம்? அவளைத் தடுத்தது அரசாணை அல்லவே.

அரசுப் பள்ளி மாணவர்களுக்கு மருத்துவப் படிப்பில் 7.5 விழுக்காடு உள்ஒதுக்கீடு தரும் சட்டம் 2020இல் வந்தது. 2022 ஏப்ரல் 7 அன்று சென்னை உயர்நீதிமன்றம் அது செல்லும் என்றது. சட்டம் மெல்ல அவள் வாசல்வரை வருகிறது. 2019இல் தனி மாவட்டமான தென்காசிக்கோ, 2022இல் ஒரே நாளில் 11 அரசு மருத்துவக் கல்லூரிகள் திறக்கப்பட்டபோதும் ஒன்று கிடைக்கவில்லை.

அன்று அந்த மாணவிக்கு, "அவங்க விண்ணப்பிக்கவே இல்லம்மா" என்றேன். சற்று யோசித்துவிட்டு அவள் சொன்னாள்: "நான் ரெண்டு தடவ போட்டேன் மேடம்."

அவள் குரலில் வருத்தம் இருந்தது. கொஞ்சம் பெருமையும் இருந்தது. என்னால் சொல்ல முடியாத வாக்கியம் அது.