நா. பார்த்தசாரதி: பழந்தமிழ் நகரங்களின் நாவலாசிரியர்

நா. பார்த்தசாரதி (18 டிசம்பர் 1932 – 13 டிசம்பர் 1987) தமிழ் நாவலாசிரியர், இதழாசிரியர், தமிழறிஞர். 'தீபம்' நா.பா. என்றும், மணிவண்ணன் என்ற புனைபெயராலும் வாசகர்கள் அவரை அறிவார்கள். சரித்திர நாவல், சமூக நாவல், சிறுகதை, கட்டுரை எனப் பல துறைகளில் எழுதியவர்.

மதுரைக் காலம்

அன்றைய இராமநாதபுரம் மாவட்டத்து நதிக்குடியில் பிறந்தார். பாண்டித்துரைத் தேவர் 1901இல் நிறுவிய மதுரைத் தமிழ்ச் சங்கத்தில் பயின்று பண்டிதரானார். பாரதியார் 1904இல் சில மாதங்கள் பணியாற்றிய சேதுபதி உயர்நிலைப் பள்ளியில் தமிழாசிரியராக இருந்தார். பின்னர் சென்னைக்குச் சென்று 'கல்கி' இதழின் ஆசிரியர் குழுவில் சேர்ந்தார். மணிவண்ணன் என்ற பெயரில் அவர் அங்கே எழுதிய 'குறிஞ்சி மலர்' மதுரையைக் களமாகக் கொண்டது. அதன் நாயகனும் நாயகியுமான அரவிந்தன், பூரணி ஆகியோரின் பெயர்களைத் தமிழ்க் குடும்பங்கள் பிள்ளைகளுக்குச் சூட்டி மகிழ்ந்தன.

சரித்திர நாவல்கள்

இலக்கியப் பயிற்சியே அவருடைய சரித்திர நாவல்களின் அடித்தளம். 'கபாடபுரம்' இடைச்சங்கம் இருந்ததாக மரபு சொல்லும் பாண்டியர் தலைநகரை எழுப்பிக் காட்டுகிறது. 'வஞ்சிமாநகரம்' சேரர் தலைநகருக்கும், 'மணிபல்லவம்' பூம்புகாருக்கும் வாசகரை அழைத்துச் செல்கின்றன. 'வெற்றிமுழக்கம்' 'பெருங்கதை' காப்பியத்தின் உதயணன் கதையை எளிய உரைநடையில் தருகிறது. பத்தாம் நூற்றாண்டுத் தென்பாண்டி நாட்டின் நெருக்கடியைச் சொல்வது 'பாண்டிமாதேவி'. களப்பிரர் ஆட்சி முடிவுக்கு வரும் காலத்தைச் சொல்வது 'நித்திலவல்லி'. கடுங்கோன் அந்த ஆட்சியை நீக்கிப் பாண்டியர் அரசை மீட்ட செய்தி வேள்விக்குடிச் செப்பேட்டில் உள்ளது.

போரும் காதலும் சூழ்ச்சியும் மட்டுமே சரித்திரக் கதை என்று அவர் கருதவில்லை. தோள்வலியை நம்பிய இளங்குமரன் அறிவைத் தேடிப் புறப்படுவதுதான் 'மணிபல்லவ'த்தின் மையம். வாளேந்தும் வீரனுக்கு நிகராகக் கற்கும் இளைஞனைக் கதைநாயகனாக்கிய துணிச்சல் பெரிது.

'ராணி மங்கம்மாள்' 1689 முதல் 1706 வரை பேரனுக்காக மதுரை நாயக்க அரசைக் காத்தவரின் கதை. மதுரைத் தமுக்கத்தில் உள்ள காந்தி அருங்காட்சியகம், அந்த அரசியின் கோடை அரண்மனையாக அறியப்படும் கட்டடம்தான்.

தீபமும் ஆய்வும்

1965இல் 'தீபம்' இலக்கிய மாத இதழைத் தொடங்கினார். வல்லிக்கண்ணனின் 'புதுக்கவிதையின் தோற்றமும் வளர்ச்சியும்' அதில் தொடராக வந்து, பின்னர் சாகித்திய அகாதமி விருது பெற்றது. நா.பா.வுக்கு அதே விருதை 1971இல் தேடித் தந்தது 'சமுதாய வீதி' என்ற சமூக நாவல்.

பெயரும் புகழும் வந்த பிறகும் அவர் மாணவராகவே இருந்தார். முனைவர் பட்டத்துக்கு அவர் மேற்கொண்ட ஆய்வு பழந்தமிழரின் கட்டடக்கலையையும் நகரமைப்பையும் பற்றியது. கபாடபுரத்தையும் பூம்புகாரையும் கதையில் எழுப்பியவர், அத்தகைய நகரங்களின் தெருவையும் மதிலையும் மாளிகையையும் சான்றுகளோடு நிறுவ முனைந்தார். பட்டம் கைக்கு வருமுன், ஐம்பத்தைந்து வயது நிறைய ஐந்து நாட்கள் இருக்கையில் காலமானார்.