தூரிகை பிடித்த கை: பாபுராவ் பெயிண்டர்

நாடகக் கம்பெனிகள் கோலோச்சிய நாளில், காட்டுப் படுதா, தர்பார் படுதா என்று சுருட்டி இறக்கிய சீலைகளே தமிழ் மேடையில் உலகத்தைக் காட்டின. மராட்டிய மேடையும் அவ்வாறே இருந்தது. அங்கே படுதா எழுதிப் புகழ் பெற்றவர்கள் கோலாப்பூர் ஆனந்தராவும் அவருடைய ஒன்றுவிட்ட சகோதரர் பாபுராவும். 1890இல் பிறந்த பாபுராவுக்குத் தொழிலே பெயராகிப் 'பெயிண்டர்' என்று நிலைத்தது.

பால்கேயின் படங்கள் இருவரையும் சினிமாவின் பக்கம் இழுத்தன. தாமே ஒரு காமெரா செய்துவிட முனைந்தார்கள். 1916இல் ஆனந்தராவ் காலமானார். தாம்லே என்னும் உதவியாளரின் துணையுடன் பாபுராவ் 1918இல் அதைச் செய்து முடித்தார். முறையாக ஓவியமோ எந்திரக் கலையோ பயிலாதவர் அவர்!

அவருடைய மகாராஷ்டிரா பிலிம் கம்பெனியின் 'சைரந்திரி' 1920இல் வெளிவந்தது. கதை கீசகவதம்; சென்னையில் நடராஜ முதலியார் முன்னமே எடுத்த அதே கதை. பீமன் கீசகனைக் கொல்லும் காட்சி மெய்போல் தோன்றிப் பார்ப்போரை நடுங்கச் செய்ததால், தணிக்கையாளர் அதை நீக்கச் செய்தனர். திலகரோ பாபுராவுக்குச் 'சினிமா கேசரி' எனப் பட்டம் அளித்தார்.

படுதா எழுதியவரே படுதாவைக் கைவிட்டார் என்பதுதான் வியப்பு. தட்டைச் சீலை காமெராவை ஏமாற்றாது என்று கண்டு, ஆழமும் கனமும் உடைய அரங்குகளை எழுப்பினார். காட்சிகளை முன்னதாகவே கோட்டோவியமாகத் தீட்டிக்கொள்வார். 'சிம்ஹகட்' (1923) படத்தில் செயற்கை விளக்கொளியில் இரவுக் காட்சிகளை எடுத்தார். கடன்காரனிடம் நிலமிழக்கும் உழவனைப் பற்றிய 'சாவ்காரி பாஷ்' (1925) புராணத்தை விட்டு மண்ணுக்கு இறங்கியது. அதில் உழவனாக நடித்த இளைஞர்தாம் பின்னாளில் பெரும்புகழ் பெற்ற சாந்தாராம்.

1929இல் சாந்தாராம், தாம்லே, பத்தேலால் முதலியோர் பிரிந்து சென்று பிரபாத்தைத் தொடங்கினர். குருவின் நிறுவனம் தளர்ந்தது. மாணவரின் நிறுவனம் ஓங்கியது. அந்தப் பிரபாத் 1934இல் தமிழில் தயாரித்ததே 'சீதா கல்யாணம்'. காமெராவைக் கே. ராம்நாத்தும் அரங்க அமைப்பை ஏ. கே. சேகரும் ஏற்றனர். தமிழ்ப்படத்தின் ஒளிக்கும் அரங்குக்கும் பின்னாளில் பெரும்பங்கு ஆற்றிய இவ்விருவரையும் கோலாப்பூர் மரபோடு இணைத்துப் பேசுவோர் இங்கே குறைவு.

பேசும்படங்கள் சிலவற்றையும் பாபுராவ் இயக்கினார். ஆயினும் அவர் மனம் ஓவியத்திலும் சிற்பத்திலுமே தங்கியது. 1954இல் மறைந்தார். அவருடைய மௌனப்படங்களில் 'முரளிவாலா' (1927) போலச் சிலவே எஞ்சின. 'கல்யாண் கஜினா' (1924) படத்துக்கு அவர் கையால் தீட்டிய சுவரொட்டி இன்றும் இருக்கிறது.