பாப்பானின் மருத்துவச்சி

சென்ற வாரம் 1945 ஆகஸ்ட் 15-இல் நிறுத்தியிருந்தோம். ஜப்பான் சரணடைந்துவிட்டது, பிரிட்டிஷ் படை இன்னும் மலாயாவில் இறங்கவில்லை. கேட்பாரற்ற அந்த வாரங்களில், ஜப்பானியரை எதிர்த்துக் காட்டிலிருந்து போரிட்டுவந்த கொரில்லாப் படையினர், அதாவது மூன்று நட்சத்திரத் தொப்பிக்காரர்கள், ஊர் ஊராகப் பழிதீர்த்த கதையை இன்று சொல்வதாக இருந்தேன். அதற்குமுன், அவர்களுக்கு மருந்து போட்ட சிபில் கார்த்திகேசுவைப் பற்றிச் சொல்லாமல் நகர மனம் வரவில்லை.

சிபில் மேடானில் பிறந்த யுரேசியப் பெண். கணவர் டாக்டர் கார்த்திகேசு, இலங்கைத் தமிழர். ஈப்போவில் மருத்துவமனை நடத்திய தம்பதி, போர் வந்ததும் பக்கத்திலிருந்த பாப்பானுக்குக் குடிபெயர்ந்தனர். சிபிலுக்குக் கன்டனீஸ் தண்ணீர்பட்ட பாடு. பகலில் ஊராருக்கு வைத்தியம். இருட்டியதும் வீட்டுக்கு ரகசியமாக வரும் கொரில்லாக்களின் உடம்பிலிருந்து குண்டை எடுப்பார். ஒளித்துவைத்த ரேடியோவில் பிபிசி வேறு கேட்பார். அகப்பட்டால் தலை போகும் என்று தெரிந்தேதான் செய்தார்.

1943-இல் அகப்பட்டார். ஜப்பானிய ராணுவப் போலீஸான கெம்பெய்தாயின் சார்ஜென்ட் யோஷிமுரா அடித்தான், உதைத்தான். சிபில் ஒரு பெயரையும் சொல்லவில்லை. கடைசியில் அவருடைய சின்ன மகளை மரத்தில் கட்டித் தொங்கவிட்டு, கீழே தீ மூட்டினான். பெற்றவள் கண்முன்னே! அப்போதும் அவர் வாய் திறக்கவில்லை. இன்னொரு ஜப்பானிய அதிகாரி தடுத்ததால் குழந்தை பிழைத்தது. இந்த யோஷிமுராவை மன்னிக்க என்னிடம் ஒரு சொல்கூட இல்லை.

பத்து காஜா சிறையிலிருந்து விடுதலையானபோது சிபிலால் நடக்க முடியவில்லை. 1946-இல் ஈப்போ போர்க்குற்ற நீதிமன்றம் யோஷிமுராவுக்குத் தூக்குத் தண்டனை விதித்தது. பிரிட்டன் சிபிலுக்கு ஜார்ஜ் பதக்கம் அளித்தது. ஆனால், ஜப்பானியப் பூட்ஸ் உதைத்துத் தாடையில் உண்டான காயம் ஆறவே இல்லை. அதிலிருந்து பரவிய நச்சு, 1948 ஜூன் 12 அன்று ஸ்காட்லாந்தில் அவர் உயிரைக் குடித்தது. அப்போது அவருக்கு வயது 48.

யோஷிமுரா விசாரிக்கப்பட்டுத் தண்டனை பெற்றான். காட்டுப் படையின் கையில் சிக்கியவர்கள் பலருக்கு அந்த விசாரணைகூடக் கிடைக்கவில்லை. காட்டிக்கொடுத்தவன், வயிற்றுப்பாட்டுக்காக ஜப்பானியனிடம் வேலை பார்த்தவன், பழைய பகையாளி என எல்லோருக்கும் ஒரே தீர்ப்புதான். செத்தவர்களில் மலாய்க்காரப் போலீஸார் பலர். கொன்றவர்களில் பெரும்பாலோர் சீனர். ஜப்பானியன் மேல் இருந்த ஆத்திரம், அக்கம்பக்கத்தில் வாழ்ந்தவர்களின் இனப்பகையாக மாறியது அப்படித்தான். ஜொகூரில் பத்து பஹாட் பற்றி எரிந்தது. பேராக்கில் சுங்கை மானிக்கிலும் ரத்தம் ஓடியது.

சிபில் உயிரைப் பணயம் வைத்துக் காப்பாற்றிய அந்தப் படை செய்த பெரும் பிழை இது. அடுத்த வாரம் சுங்கை மானிக்குக்குப் போவோம்.