ஸ்த்ராத்தெகோஸ்: கணக்குக் கேட்கப்பட்ட தளபதி

ஏதென்ஸ் நகர மக்களாட்சி தன் பதவிகளில் பெரும்பாலானவற்றைத் திருவுளச்சீட்டுக்கு விட்டிருந்தது. ஆட்சிமன்ற உறுப்பினர், நீதிமன்ற நடுவர், சந்தைக் கண்காணிப்பாளர் என எல்லாரும் குலுக்கலில் வந்தவர்களே. படைத்தலைமையை அப்படி விட மட்டும் அவர்கள் துணியவில்லை. கி.மு. 501 வாக்கில் தொடங்கி ஆண்டுதோறும் பத்துத் தளபதிகளைக் கை தூக்கி வாக்களித்துத் தேர்ந்தார்கள். சீர்திருத்தவாதி கிளைஸ்தெனீஸ் வகுத்த பத்துக் குலப் பிரிவுகளுக்கும் பிரிவுக்கு ஒருவர். பதவியின் பெயர் ஸ்த்ராத்தெகோஸ்.

முதலில் இவர்களுக்கு மேலே பொலெமார்க் என்ற போர்த்தலைவர் இருந்தார். கி.மு. 490இல் மாரத்தான் களத்தில் பாரசீகரை உடனே தாக்குவதா என்பதில் பத்துப் பேரும் ஐந்துக்கு ஐந்தாகப் பிரிந்து நிற்க, பொலெமார்க் கல்லிமாக்கஸின் வாக்கே போரை முடிவுசெய்தது என்கிறார் வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ். மூன்றாண்டுகளில் பொலெமார்க் பதவியும் குலுக்கலுக்குப் போனது. சீட்டில் வந்தவரை நம்பிப் படை நடத்த முடியுமா? அதிகாரம் தளபதிகளிடம் வந்து சேர்ந்தது. எத்தனை முறை வேண்டுமானாலும் மறுபடி தேர்வாகலாம் என்பதும் அவர்களுக்கு வாய்ப்பானது. அரசியல் தலைவர் பெரிக்ளீஸ் கி.மு. 443 முதல் ஆண்டுதோறும் தேர்வானது இந்தப் பதவிக்குத்தான். நாடகாசிரியர் சோபோக்ளீஸும் ஒருமுறை தளபதியாக இருந்தார். 'ஆண்டிகோனி' நாடகத்தின் வெற்றிதான் காரணம் என்பது பழைய செவிவழிச் செய்தி. நம்புவது அவரவர் விருப்பம்.

பதவி பெரிது, பிடியும் இறுக்கமானது. ஆண்டுக்குப் பத்து முறை, தளபதிகள் கடமையை ஒழுங்காகச் செய்கிறார்களா என்று மக்கள் அவையில் வாக்கெடுப்பு நடக்கும். மாரத்தான் வீரர் மில்டியாடீஸ் அடுத்த ஆண்டே பாரோஸ் தீவில் தோற்று, 50 தாலந்து அபராதத்துக்கு ஆளாகி, புண் அழுகி இறந்தார். பெரிக்ளீஸே கி.மு. 430இல் பதவி பறிக்கப்பட்டு அபராதம் கட்டினார். அம்பிபோலிஸ் நகரைக் காக்கத் தவறிய தூசிடிடீஸ் இருபதாண்டுகள் நாடு கடந்து வாழ்ந்தார். அவருடைய வரலாற்று நூலுக்கு அந்த ஓய்வும் உதவியது.

இந்தக் கணக்குக் கேட்டல் எல்லை மீறியது கி.மு. 406இல். அர்கினூசாய் தீவுகளருகே ஏதென்ஸ் கப்பற்படை ஸ்பார்ட்டாவை வென்றது. ஆனால் 25 ஏதென்ஸ் கப்பல்கள் நொறுங்கின. மிதந்தவர்களை மீட்கப் போன கப்பல்களைப் புயல் தடுத்தது. களத்தில் இருந்த எட்டுத் தளபதிகளில் இருவர் ஊர் திரும்பவேயில்லை. மற்ற ஆறு பேர் வந்து சிக்கினார்கள். தலையை மழித்துக் கருப்புடை உடுத்தியவர்கள், இறந்தோரின் உறவினர் என்று சொல்லி, அவைக்குள் வந்து நின்றார்கள். அதை ஏற்பாடு செய்த நாடகம் என்கிறார் வரலாற்றாசிரியர் செனபோன். எட்டுப் பேருக்கும் சேர்த்து ஒரே வாக்கு என்றது தீர்மானம். தனித்தனியே விசாரிக்காமல் அப்படிச் செய்வது சட்ட விரோதம். அன்று அவையை நடத்திய குழுவில் இருந்தவர்களில் இறுதிவரை இணங்க மறுத்தவர் சாக்ரடீஸ். அவர் பேச்சு எடுபடவில்லை. ஆறு பேரும் கொல்லப்பட்டனர். அவர்களில் ஒருவர் பெரிக்ளீஸுக்கும் அஸ்பாசியாவுக்கும் பிறந்த மகன். தந்தைக்காக மக்களே அவருக்குத் தனிச் சலுகையாகக் குடியுரிமை தந்திருந்தார்கள். பிறகு ஊர் வருந்தியது. அடுத்த ஆண்டே கப்பற்படை அழிந்தது, கி.மு. 404இல் நகரம் சரணடைந்தது. தளபதியிடம் கணக்குக் கேட்டதைக் குறை சொல்வதற்கில்லை. ஆறு உயிரை ஒரே வாக்கில் முடித்ததுதான் பிழை.

அதன்பின் பெயர் நிலைத்தது, தேர்தல் தேய்ந்தது. தாலமி மன்னர்களின் எகிப்தில் ஸ்த்ராத்தெகோஸ் மாவட்ட ஆட்சியாளர் ஆனார். பைசாந்தியப் பேரரசில் அவர் ஒரு மாகாணத்தின் படையையும் நிர்வாகத்தையும் சேர்த்து ஆண்டார். அனதோலிக்கோன் மாகாணத் தளபதி லியோ கி.பி. 717இல் பேரரசராகவே முடிசூடினார். 1821இல் வெடித்த கிரேக்க விடுதலைப் போரின் பெருந்தளபதி கொலோகொத்ரோனிஸ் உட்பகையால் சிறையில் கிடந்து, எகிப்தியப் படை வந்ததும் 1825இல் விடுவிக்கப்பட்டார். 1834இல் துரோகக் குற்றம் சாட்டி மரண தண்டனை விதித்தார்கள், பின்னர் மன்னித்தார்கள்.

இன்றைய கிரேக்கத் தரைப்படையில் இது நான்கு நட்சத்திரப் பதவி. முப்படைகளின் தலைமைத் தளபதி தரைப்படையிலிருந்து வந்தவரானால் இந்தப் பதவியை வகிப்பார். அவரைத் தேர்ந்தெடுப்பது அமைச்சர்களைக் கொண்ட ஒரு குழு.