ரப்பர் தோலுக்குள் ஓர் ஆள்

ஜப்பான்காரர்களின் ராட்சத மிருகங்கள் தாம்பரத்துக்கு எந்த வழியாக வந்தன என்று இப்போதுள்ள பிள்ளைகளைக் கேட்டால் செல்போன் என்பார்கள். அவர்களுடைய அண்ணன்மார் கேபிள் என்பார்கள். இரண்டுக்கும் முன்னால் அவை மொட்டைமாடி ஆண்டெனா வழியாக வந்து இறங்கிவிட்டன. 1980களின் நடுவில் சென்னைத் தூர்தர்ஷன் காட்டிய ‘ஜானி சாக்கோ அண்ட் ஹிஸ் ஃப்ளையிங் ரோபோ’ தொடர்தான் அந்த முதல் வரவு. முழுப் பெயரைச் சொன்னவர் யாருமில்லை. எல்லாருக்கும் அது ‘ஜெயன்ட் ரோபோ’தான். நான் அப்போது மேற்குத் தாம்பரத்தில், சண்முகம் சாலையை ஒட்டிய ஒரு சந்தில் டிவி ரிப்பேர் கற்றுக்கொண்டிருந்தேன். பெட்டியைப் பிரித்த கையோடு மாடியேறி ஆண்டெனாவைத் திருப்புவதும் என் வேலை. அந்தத் தொடரை இந்தப் பக்கத்து வீடுகளில் எப்படிப் பார்த்தார்கள் என்பது எனக்குக் கூடத்திலிருந்தே தெரியும்.

சென்னைத் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்ட் 15 அன்று தொடங்கியது. தாம்பரத்தில் அலுமினியக் கம்பிகளை வடகிழக்காகத் திருப்பிக் கட்டினால் படம் வரும். சேலையூர், ராஜகீழ்ப்பாக்கம், மாடம்பாக்கம் என்று தள்ளிப் போகப் போகப் புள்ளி விழும், பூஸ்டர் போட வேண்டும். பெட்டிகளில் பாதி சென்னையிலேயே தயாரானவை, சாலிடேரும் டயனோராவும். இரண்டு பக்கமும் இழுத்துச் சாத்தும் மரக்கதவு வைத்த கறுப்பு வெள்ளைப் பெட்டிகள். தெருவுக்கு இரண்டு மூன்று வீட்டில்தான் இருக்கும். ஜெயன்ட் ரோபோ வரும் நாளில் அந்த வீட்டுச் செருப்புகள் வாசலைத் தாண்டித் தெருவில் கிடக்கும். மாடியில் நான் கம்பியைத் திருப்பிக்கொண்டிருக்கக் கீழேயிருந்து, “அண்ணே, ரோபோ வர்றதுக்குள்ள முடிச்சிடுங்கண்ணே!” என்று குரல் வரும். பாட்டு நிகழ்ச்சிக்கும் ஞாயிற்றுக்கிழமைப் படத்துக்கும் பெரியவர்கள் அவசரப்படுத்துவார்கள். பிள்ளைகள் அவசரப்படுத்தியது இதற்குத்தான்.

தொடர் ஜப்பானில் உண்மையில் 1967 அக்டோபர் 11 முதல் 1968 ஏப்ரல் 1 வரை ஓடியது. 26 பகுதிகள். எடுத்தது தோயெய் நிறுவனம். கதை மிட்சுதெரு யோகொயாமா வரைந்த மங்காவிலிருந்து வந்தது. ரிமோட்டில் இயங்கும் பெரிய ரோபோவைப் பற்றி 1956இலேயே ‘டெட்சுஜின் 28’ வரைந்தவர் அவர். அமெரிக்கக் கம்பெனி ஒன்று ஆங்கிலத்தில் குரல் மாற்றி விற்க, அந்த ஆங்கிலப் பிரதிதான் எங்களுக்கு வந்தது. ஆங்கிலம் புரியாத பிள்ளைக்கும் கதை முழுக்கப் புரிந்தது. கப்பலைக் கடல் மிருகம் ஒன்று கவிழ்க்கிறது. ஜானி என்ற சிறுவனும் யூனிகார்ன் படையைச் சேர்ந்த ஜெரி மானோவும் ஒரு தீவில் ஒதுங்குகிறார்கள். அங்கே எதிரிகளிடம் சிறைப்பட்ட விஞ்ஞானி ஒரு ரோபோவைச் செய்து முடித்திருக்கிறார். கைக்கடிகாரத்தில் முதலில் பேசுகிறவன் குரலுக்கே அது கட்டுப்படும். பேசியவன் ஜானி. எகிப்தியச் சிலை மாதிரித் தலை, விரல் நுனிகளில் ஏவுகணை, கண்ணில் கதிர். வாரா வாரம் எதிரிகளின் தலைவன் கில்லட்டின் சக்கரவர்த்தி புதிதாக ஒரு பூதத்தை அனுப்புவான். பறக்கும் உருண்டை, நகரத்தின் மேல் இறங்கும் ஒற்றைக் கை, ஒற்றைக் கண் என்று ஒன்றுபோல் ஒன்று இராது. தாம்பரம் பிள்ளைகள் மணிக்கட்டில் பேனாவால் கடிகாரம் வரைந்துகொண்டு அதனிடம் பேசியதைப் பார்த்திருக்கிறேன்.

தொழில்காரன் கண்ணுக்கு வேறொன்று தெரிந்தது. பெட்டியைச் சரிசெய்த பிறகு கான்ட்ராஸ்ட்டை ஏற்றி இறக்கிப் பார்ப்போம். அப்படி ஏற்றும்போது ராட்சதனின் முழங்கால் மடியும் இடத்தில் சுருக்கம் தெரியும். முதுகில் நடுவாக ஒரு தையல் கோடு ஓடும். திரும்பும்போது தலை ஒரு நொடி பின்தங்கித் திரும்பும். உள்ளே ஓர் ஆள் இருக்கிறான். அந்தக் கனமான உடைக்குள் மூச்சு வாங்கிக்கொண்டு, சரியாகப் பார்க்கக்கூட முடியாமல், பொம்மைக் கட்டடங்களை இடித்துக்கொண்டு நடக்கிறான். எனக்கு அன்றுமுதல் ரோபோவைவிட அந்த ஆள்மேல்தான் பிடிப்பு.

அந்தக் கலைக்கு ஜப்பானில் அடித்தளம் போட்டவர்கள் இரண்டு பேர். ஒருவர் எய்ஜி த்சுபுராயா, 1901இல் பிறந்தவர், தந்திரக் காட்சிகளின் தலைமை. இன்னொருவர் ஹருவோ நகாஜிமா. 1954 நவம்பர் 3 அன்று வெளியான முதல் ‘காட்ஜில்லா’வின் உடைக்குள் இருந்தவர். அந்த ஆண்டு மார்ச்சில்தான் பிகினி தீவில் அமெரிக்கா வெடித்த ஹைட்ரஜன் குண்டின் சாம்பல் ஒரு ஜப்பானிய மீன்பிடிப் படகின் மேல் விழுந்தது. அந்தப் பயம் படத்தில் மிருகமாக எழுந்து நின்றது. முதல் உடை 100 கிலோவை நெருங்கும் எடை. நகாஜிமா மிருகக்காட்சிசாலைக்குப் போய் யானையும் கரடியும் காலை எடுத்து வைப்பதை நாள்கணக்கில் பார்த்துப் பழகினார். கேமராவை வேகமாக ஓட்டிப் படம் பிடித்து, சாதாரண வேகத்தில் காட்டினால் ஆளின் அசைவு மலையின் அசைவாக மாறிவிடும். 1966இல் த்சுபுராயாவின் கம்பெனி ‘அல்ட்ராமேன்’ எடுத்து வாரம் ஒரு ராட்சதனை வீட்டுக்குள் கொண்டுவந்தது. அதன் பிறகு ஜப்பானியத் தொலைக்காட்சி முழுக்க ராட்சதர் காலம். ஜெயன்ட் ரோபோ அந்த அலையில் வந்ததுதான்.

இதையெல்லாம் நான் பின்னாளில் தேடிப் படித்தேன். ஆனால் இது எந்த வகைக் கலை என்று முதலில் சொன்னவர், பெட்டி சரிசெய்யப் போன ஒரு வீட்டில் திண்ணையோரம் உட்கார்ந்து பார்த்த ஆயா. “இது நம்ம சூரன்தான்டா. ஒரு தலை போனா இன்னொரு தலைய மாட்டிக்கினு வருவான் பாரு,” என்றார். எனக்கு அது சுருக்கென்று பட்டது.

தாம்பரத்திலிருந்து வண்டலூர், கேளம்பாக்கம் வழியாகப் போனால் திருப்போரூர். முருகன் அசுரர்களோடு கடலில் போர் செய்த இடம் திருச்செந்தூர், நிலத்தில் திருப்பரங்குன்றம், ஆகாயத்தில் திருப்போரூர் என்பது தலபுராணம். பறந்துகொண்டே சண்டை போடும் கதை எங்கள் பக்கத்துப் பிள்ளைக்கு அந்நியமானதில்லை, பேருந்து போகும் தூரத்தில் நடந்த கதை. கோயிலை 17ஆம் நூற்றாண்டில் எடுத்துக் கட்டியவர் சிதம்பர சுவாமிகள். பனங்காட்டில் மூர்த்தியைக் கண்டெடுத்தார் என்பார்கள். இந்தப் பக்கம் குன்றத்தூர் மலையிலும் முருகன். திருப்போரூரில் போரை முடித்துத் திருத்தணிக்குப் போகிற வழியில் அங்கே தங்கினாராம். ஐப்பசியில் கந்த சஷ்டி ஆறாம் நாள் வந்தால் இந்த ஊர்ச் சனம் எங்காவது ஒரு சூரசம்ஹாரத்துக்குப் போய்விடும்.

நான் அங்கே போனால் சாமிப் பக்கம் நிற்பதில்லை, சூரன் பக்கம் நிற்பேன். மரத்தாலும் மூங்கிலாலும் கட்டிய உடம்பு, ஆளுயரத்துக்கும் மேல். வாரிப் போட்ட வண்ணம், பிதுங்கிய கண், கொம்பு மீசை. தோளில் துண்டைச் சுருட்டி வைத்துக்கொண்டு ஆட்கள் தூக்குகிறார்கள். ஒருவர் பின்னாலிருந்து கழியை அசைக்கத் தலை இடவலமாக ஆடுகிறது. முதலில் யானைமுகம். வேல் வந்து தொட்டதும் கூட்டத்தின் கூச்சலுக்கு நடுவே பின்னாலிருப்பவர் ஏறி, தலையை முளையிலிருந்து உருவி, துணியில் சுற்றிக் கீழே கொடுக்கிறார். கீழேயிருந்து சிங்கமுகம் மேலே வருகிறது. முளையில் அழுத்தி, ஒரு தட்டுத் தட்டி, ஆடுகிறதா என்று பார்க்கிறார். சூரன் மறுபடி ஓடி வருகிறான். அடுத்தது சூரன் முகம், கடைசியில் மாமரமும் சேவலும். தலை மாற்றும் அந்த நேரத்தில் சுற்றி நிற்கிற எல்லாரும் அந்த ஆளைப் பார்க்கிறார்கள். பார்த்தும் பயம் குறைவதில்லை. குழந்தைகள் அப்பாவின் தோளில் முகத்தைப் புதைத்துக்கொள்கிறார்கள்.

ஜப்பானிய ராட்சதர்கள் எங்கள் தெருவில் இவ்வளவு சுலபமாகக் காலூன்றியதற்கு இதுதான் காரணம் என்று நினைக்கிறேன். வேஷம் வேஷம்தான் என்று தெரிந்தே அதற்குப் பயப்படக் கற்ற ஊர் இது. முதுகுத் தையல் தெரிந்தால் ஏமாந்துவிட்டோம் என்று யாரும் எழுந்து போகவில்லை. ஒரு தடவை விழுந்தவன் இன்னும் பெரியவனாக எழுவான் என்ற கணக்கும் எங்களுக்குத் தெரிந்ததே. படத்தில் பார்த்த பழக்கமும் இருந்தது. 1947இலிருந்து சென்னையில் அச்சான ‘அம்புலிமாமா’வில் முருங்கைமர வேதாளத்தைச் சங்கர் வரைந்த கோட்டில் பார்த்து வளர்ந்தவர்கள்தான் எங்கள் வீட்டுப் பெரியவர்கள். கே.சி. சிவசங்கரன் என்ற அந்த ஓவியர் 2020இல் மறைந்தார். மறுவருடம் பத்மஸ்ரீ.

ஜப்பானிலும் இதற்கு அடியில் ஓர் ஆயா இருக்கிறார். பேய் பிசாசுகளை மங்காவில் நிலைநிறுத்திய ஷிகெரு மிசுகிக்குச் சின்ன வயதில் அந்தக் கதைகளைச் சொன்னது, அவர் ஊரில் வீட்டோடு பழகிய ஒரு கிழவி. போரில் ரபவுலில் இடது கையை இழந்து திரும்பிய மிசுகி, ஒரு கையாலேயே வரைந்தார். அவருடைய ‘கிதாரோ’ 1968 ஜனவரியில் தொலைக்காட்சிக்கு வந்தது. ஜெயன்ட் ரோபோ அங்கே இன்னும் ஓடிக்கொண்டிருந்த மாதம் அது.

தொடரின் முடிவைச் சொல்லாமல் விடக்கூடாது. கடைசிப் பகுதியில் கில்லட்டினைச் சுட்டால் அவன் உடம்பிலுள்ள அணுசக்தி வெடித்துப் பூமியே அழிந்துவிடும். ரோபோ யார் கட்டளைக்கும் காத்திராமல் அவனைக் கட்டிப் பிடித்துத் தூக்கிக்கொண்டு விண்வெளிக்குப் போய் ஒரு விண்கல்லில் மோதுகிறது. ஜானி கடிகாரத்தில் கத்துகிறான், திரும்பி வா என்று. ரோபோ முதன்முதலாகச் சொல் மீறுகிறது. அன்று நான் போயிருந்த வீட்டில் பிள்ளைகள் வாய்விட்டு அழுதார்கள். வேலைக்கு வந்த என்னிடம் ரோபோவைத் திரும்ப வரவைக்கச் சொல்லிக் கெஞ்சினான் ஒருவன், ஏதோ என் கையில் இருப்பது போல.

பிறகு கேபிள் வந்தது. 1990களின் தொடக்கத்தில் மாடிகளில் டிஷ், தெருக்களில் தென்னையிலிருந்து கம்பத்துக்குத் தாவும் ஒயர். நானும் ஒயர் இழுத்தேன். 1995இல் கார்ட்டூன் நெட்வொர்க். 2004 டிசம்பரில் வந்த டூன் டிஸ்னி தமிழிலும் பேசியது, அதன் ஜெட்டிக்ஸ் நேரத்தில் ‘பவர் ரேஞ்சர்ஸ்’. இந்தத் தொடரில் வெள்ளைக்காரப் பிள்ளைகள் முகம் காட்டுவார்கள். முகமூடி போட்டதும் சண்டையில் பெரும்பகுதி ஜப்பானின் தோயெய் எடுத்த காட்சிகள், அதே கம்பெனி, அதே ரப்பர் உடைக்கலை. தோற்ற பூதம் கட்டட உயரத்துக்கு வளர்ந்து மறுபடி வரும். அதுவும் எங்கள் பிள்ளைகளுக்குக் கேள்வியில்லாமல் புரிந்தது.

2003இல் இங்கே தொலைக்காட்சிக்கு வந்த போக்கிமானில்தான் உள்ளே ஆள் இல்லை. எல்லாம் வரைந்தது. அதனால் ஆரம்பத்தில் எனக்கு மனம் ஒட்டவில்லை. அதைச் செய்தவர் கதை தெரிந்த பிறகு ஒட்டியது. சதோஷி தஜிரி 1965இல் பிறந்தவர், வளர்ந்தது தோக்கியோவின் புறநகரான மச்சிதாவில். குளத்தோரமும் தோப்பிலும் பூச்சி பிடிப்பதே பொழுது. நகரம் வளர்ந்து குளங்களை மூடிக் கட்டடம் எழுப்பியபோது பூச்சிகளும் போயின. பெரியவனானதும் இரண்டு கேம்பாய்களை இணைக்கும் ஒயரைப் பார்த்தார். அதற்குள் ஒரு பூச்சி ஊர்ந்து இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கம் போவதாகத் தோன்றியது. 1996 பிப்ரவரியில் ஜப்பானில் போக்கிமான் முதலில் விளையாட்டாக வெளியானது. பிடிப்பது, வளர்ப்பது, மாற்றிக்கொள்வது, எல்லாம் அந்தக் குளத்தங்கரை வேலைகள்தான்.

சேலையூர் ஏரி, செம்பாக்கம் ஏரி, சிட்லபாக்கம் ஏரி, இரும்புலியூர், பீர்க்கன்காரணை என்று ஏரிக்கு ஏரி கரையில் திரிந்தவர்களுக்கு இதற்கு மேல் விளக்கம் வேண்டாம். கொடுக்காப்புளி மரத்தில் பொன்வண்டு பிடித்துத் தீப்பெட்டியில் போட்டு, கூடவே இரண்டு இலை வைத்து, முட்டை போட்டிருக்கிறதா என்று மணிக்கொரு தரம் திறந்து பார்த்திருக்கிறோம். பச்சையும் தங்கமுமாக மின்னும். பள்ளியில் ஒரு பலப்பத்துக்கும் மாற்றிக்கொள்வோம். ஏரிக்கரைகள் மனைகளாகி, கொடுக்காப்புளி மரங்கள் போன பிறகு பிறந்த பிள்ளைகள், சிப்ஸ் பாக்கெட்டிலிருந்து போக்கிமான் டாசோ எடுத்துச் சட்டைப்பையில் போட்டு, வகுப்பில் மாற்றிக்கொண்டார்கள். அந்தப் பிள்ளைகளைப் பெரியவர்கள் குறை சொன்னபோது எனக்குக் கோபம்தான் வந்தது. ஏரியைத் தூர்த்தது பிள்ளைகளா?

த்சுபுராயாவின் சொந்த ஊரான சுகாகவாவில் 2020 நவம்பரில் ஓர் ஆவணக் காப்பகம் திறந்தார்கள். பழைய படங்களில் இடிபட்ட பொம்மைக் கட்டடங்கள், வண்டிகள், உருவங்கள் எல்லாவற்றையும் பழுது பார்த்து அடுக்கி வைத்திருக்கிறார்கள். நகாஜிமா 2017இல் இறக்கும் முன் உலகம் முழுக்க அவர் பெயரைத் தெரிந்துவைத்திருந்தது. ஜெட்டிக்ஸ் ராட்சதர்களுக்குத் தமிழில் உறுமிய குரல்கள் யாருடையவை? கோடம்பாக்கத்துப் பக்கம் ஏதோ ஒரு டப்பிங் அறையில் பேசிவிட்டு மின்சார ரயில் ஏறியவர்கள் இன்றும் நம்மிடையே இருப்பார்கள். சூரன் தலைக்கு வருடா வருடம் வண்ணம் அடிக்கிறவர், முளையில் தலையை மாட்டுகிறவர், துண்டைச் சுருட்டித் தோள் கொடுக்கிறவர், இவர்களுக்கும் பெயர் உண்டு. வருகிற ஐப்பசியில் சஷ்டிக்குப் போகிறவர்கள் சாமி படத்தோடு அவர்களையும் ஒரு படம் எடுத்து, பெயரும் ஊரும் கேட்டு எழுதி வையுங்கள். நான் எழுத ஆரம்பித்துவிட்டேன்.