தாமஸ் ஹிக்கி

தாமஸ் ஹிக்கி (1741–1824) அயர்லாந்தில் பிறந்து சென்னையில் மறைந்த உருவப்பட ஓவியர். திப்பு சுல்தானை வீழ்த்திய அதிகாரிகளையும், அந்தப் போரில் அரசை இழந்த திப்புவின் பிள்ளைகளையும் ஒரே கையால் வரைந்தவர். போர்க்காட்சிகளைப் பெரிய அளவில் தீட்டிப் புகழ்பெற வேண்டும் என்ற அவர் ஆசை கைகூடவில்லை. மைசூர் அரண்மனைப் பெண்கள், ஓலைச்சுவடி பிடித்த சமணப் பண்டிதர் என்று போகிற போக்கில் அமைந்த படங்களே இன்று அவரைப் பற்றிப் பேச வைக்கின்றன.

டப்ளினில் பிறந்தவர். தந்தை தின்பண்ட வணிகர்; தம்பி ஜான் ஹிக்கி சிற்பி. டப்ளின் சங்கத்தின் ஓவியப் பள்ளியில் ராபர்ட் வெஸ்ட்டிடம் பயின்று, 1760-களில் இத்தாலியில் சில ஆண்டுகள் இருந்துவிட்டு ஊர் திரும்பினார். பின் லண்டன் சென்று 1771-ல் ராயல் அகாடமி பள்ளியில் சேர்ந்தார். ரெய்னால்ட்ஸும் கெய்ன்ஸ்பரோவும் கோலோச்சிய காலம் அது. அவர்களுக்கு அடுத்த வரிசையில் இருந்தவர்களுக்குப் பிழைப்பு எளிதல்ல. அப்படிப்பட்டவர்கள் கிழக்கிந்தியக் கம்பெனியின் அனுமதி பெற்று இந்தியாவுக்குக் கப்பல் ஏறுவது அப்போது வழக்கமாகியிருந்தது.

ஹிக்கி 1780-ல் புறப்பட்டார். பிரெஞ்சு, ஸ்பானியக் கூட்டுக் கடற்படை அவர் சென்ற கப்பலை வழியிலேயே பிடித்துக்கொண்டது. விடுதலையான பின் லிஸ்பனில் தங்கி, அங்கிருந்த ஆங்கிலேயர்களின் படங்களை வரைந்து காலம் தள்ளினார். பிற்காலத்தில் தன் நினைவுக்குறிப்புகளால் பெயர்பெற்ற வழக்கறிஞர் வில்லியம் ஹிக்கியை அவர் சந்தித்தது அங்கேதான். குடும்பப் பெயர் ஒன்றே தவிர இருவருக்கும் உறவில்லை. 1784-ல் கல்கத்தா சேர்ந்தார். வில்லியம் ஹிக்கியோடு வாழ்ந்த ஜம்தானி என்னும் வங்கப் பெண்ணுடையது எனக் கருதப்படும் 1787-ஆம் ஆண்டு ஓவியம் இன்று டப்ளினில் அயர்லாந்து தேசிய ஓவியக்கூடத்தில் இருக்கிறது. ஓவிய, சிற்பக் கலை வரலாறு பற்றி ஒரு நூலும் எழுதி 1788-ல் கல்கத்தாவிலேயே அச்சிட்டார்.

1791-ல் இங்கிலாந்து திரும்பியவருக்கு மறு ஆண்டே நல்ல வாய்ப்பு வந்தது. முன்பு சென்னையின் ஆளுநராக இருந்த மெக்கார்ட்னி பிரபு, சீனப் பேரரசரிடம் தூது சென்றபோது அவரை ஓவியராக அழைத்துப் போனார். ஆனால் அந்தப் பயணத்தில் ஹிக்கி வரைந்தது மிகக் குறைவு. சீனாவை ஐரோப்பாவுக்குக் காட்டிய நூற்றுக்கணக்கான படங்கள் அவருக்கு உதவியாகச் சென்ற இளைஞர் வில்லியம் அலெக்சாண்டருடையவை. சம்பளம் ஒருவருக்கு, புகழ் இன்னொருவருக்கு.

1798-ல் ஹிக்கி சென்னை வந்தார். கொஞ்சம் பிந்திவிட்டார் என்றுதான் சொல்ல வேண்டும். ஐரோப்பிய ஓவியர்களுக்கு அள்ளிக் கொடுத்த ஆற்காட்டு நவாப் முகமது அலி வாலாஜா 1795-லேயே காலமாகியிருந்தார். டில்லி கெட்டில், ஜார்ஜ் வில்லிசன் ஆகியோரை முன்பு தாங்கிய அந்த அரண்மனையை இனி நம்பியிருக்க முடியாது. படம் கேட்டவர்கள் இப்போது கம்பெனி அதிகாரிகள். அவர்களுக்கும் ஒரு காரணம் விரைவில் கிடைத்தது: 1799 மே 4-ஆம் நாள் திப்புவின் தலைநகர் ஸ்ரீரங்கப்பட்டணம் வீழ்ந்தது.

அந்த வெற்றியை ஏழு பெரிய ஓவியங்களாகத் தீட்டத் திட்டமிட்ட ஹிக்கி, அவற்றில் இடம்பெற வேண்டிய அதிகாரிகளை ஒவ்வொருவராக உட்காரவைத்து, கரியும் சுண்ணக்கோலும் கொண்டு முகங்களை வரைந்து சேர்த்தார். திட்டம் நடக்கவில்லை. முகங்கள் மட்டும் தங்கிவிட்டன. 50-க்கும் மேற்பட்ட அந்தக் கோட்டோவியங்கள் இன்று இங்கிலாந்தில் வெலிங்டன் கோமகனின் ஸ்ட்ராட்ஃபீல்ட் சே மாளிகையில் உள்ளன. எண்ணெய் வண்ணத்தில் அவர் முழுமையாக முடித்த பல படங்களைவிட இவற்றில் உயிர் அதிகம்.

திப்புவின் குடும்பத்தைக் கம்பெனி வேலூர்க் கோட்டையில் குடிவைத்திருந்தது. தலைமை ஆளுநர் வெல்லஸ்லியின் விருப்பப்படி 1801-ல் ஹிக்கி அங்கே போய் இளவரசர்களை வரைந்தார். தோற்றவர்களின் முகங்கள் வென்றவரின் மாளிகைச் சுவருக்கு! படங்கள் கல்கத்தா அரசினர் மாளிகைக்குப் போயின. 1806 ஜூலை 10-ஆம் நாள் வேலூரில் சிப்பாய்கள் கிளர்ந்தெழுந்த பின் இளவரசர்களையும் கல்கத்தாவுக்கே அனுப்பினார்கள். இன்று அந்தப் படங்களைக் கொல்கத்தா விக்டோரியா நினைவகத்தில் காணலாம்.

மைசூர்த் தொடர்பில் இன்னொரு படம் அண்மைக் காலத்தில் பெரிதாகப் பேசப்பட்டது. 1805-ஐ ஒட்டி வரைந்த அதில் நகைகள் அணிந்த மூன்று பெண்கள் நிற்கிறார்கள். ஆடல் மகளிர் என்றே நெடுங்காலம் எண்ணியிருந்தனர். வரலாற்றாய்வாளர் நைஜல் சான்சலர் வேறு விளக்கம் தந்தார்: இவர்கள் மைசூர் அரசர் மூன்றாம் கிருஷ்ணராஜ உடையாரின் குடும்பப் பெண்கள்; அப்போது புதிதாக வந்திருந்த அம்மை குத்துதலை மக்களிடம் பரப்பும் நோக்கில் படம் வரையப்பட்டது. அவர் காட்டிய தடயங்கள் படத்துக்குள்ளேயே இருக்கின்றன. வலப்பக்கம் நிற்பவர் சேலைத் தலைப்பை விலக்கி மேற்கையைக் காட்டுகிறார். ஊசி குத்தும் இடம் அது. இடப்பக்கம் நிற்பவரின் மூக்கையும் வாயையும் சுற்றித் தோல் நிறம் வெளிறியிருக்கிறது. அம்மைப் பொருக்குப் பொடியை மூக்கு வழியாக ஏற்றும் பழைய முறையின் அடையாளமாக அதைக் கொள்கிறார் அவர். இது ஓர் ஊகமே. ஆனாலும் அந்த விலகிய தலைப்புக்கு இதைவிடப் பொருத்தமான காரணம் எளிதில் தோன்றுவதில்லை.

இடையில் சில ஆண்டுகள் கல்கத்தாவில் இருந்துவிட்டு ஹிக்கி மறுபடி சென்னைக்கே வந்தார். 1816-ல், எழுபத்தைந்து வயதில், நில அளவையாளர் காலின் மெக்கன்சியை வரைந்தார். சிவப்புச் சீருடையில் மெக்கன்சி நிற்க, அவருடன் மூன்று இந்தியர்கள். தொலைநோக்கி பிடித்திருப்பவர் சேவகர் கிஸ்தனாஜி. ஓலைச்சுவடியுடன் இருப்பவர் சமணப் பண்டிதர் தர்மையா. மூன்றாமவர் மெக்கன்சியிடம் பணியாற்றிய காவலி சகோதரர்களில் ஒருவர் எனக் கருதுகிறார்கள். பின்னால் குன்றின்மேல் கோமடேசுவரர் சிலை. மெக்கன்சி சேர்த்த சுவடிகளைப் பயன்படுத்தாமல் தென்னிந்திய வரலாற்றை எழுத முடியாது. அவற்றில் பெரும்பகுதி சென்னை அரசினர் கீழ்த்திசைச் சுவடிகள் நூலகத்தில் இருக்கிறது. அவற்றைத் தேடிப் படித்துத் தந்தவர்களின் முகங்கள் நமக்குத் தெரிவது இந்தப் படத்தால்தான். படம் இருப்பது லண்டனில், பிரிட்டிஷ் நூலகத்தில்.

கடைசிக் காலப் படங்களில் ஒன்று பிரெஞ்சுப் பாதிரியார் அபே துபுவாவுடையது. தலைப்பாகையும் தாடியும் நாட்டு உடையுமாக வாழ்ந்த அவர், மைசூர்ப் பகுதியில் அம்மை குத்துதலைப் பரப்ப உழைத்தவர். இந்துக்களின் பழக்கவழக்கங்கள் பற்றிய அவருடைய நூலைக் கம்பெனியே விலைக்கு வாங்கியது. அதன் பிற்காலப் பதிப்பின் முகப்பில் இடம்பெற்ற உருவம், சென்னை இலக்கியச் சங்கத்திடம் இருந்த ஹிக்கியின் ஓவியத்திலிருந்து எடுத்தது. துபுவா 1823-ல் பிரான்சுக்குத் திரும்பினார். ஹிக்கி ஊர் திரும்பவில்லை. 1824-ல் சென்னையில் காலமானார்.